பரணில் கிடக்கும் கேம் கேசட்டை எடைக்குப் போட்டுடாதீங்க!

கொடைக்கானலில் மாமா வீடு. அரையாண்டு லீவுக்குப் போனால் பாதி நாள் மழை, மீதி நாள் பனிமூட்டம். ஏரிப் பக்கம்கூட விடமாட்டாங்க. அப்போ துணை, டிவியில் மாட்டிய கேம் பெட்டிதான். ‘9999 இன் 1’ என்று போட்டிருந்த கேசட்டில் நான் தேடிப் பிடிப்பது பின்பால். கீழே விழும் பந்தை இரண்டு துடுப்புகளால் தட்டித் தட்டி மேலே அனுப்பணும். கரன்ட் போனால் ஸ்கோரும் காலி!

சமீபத்தில் அந்தப் பெட்டியைப் பரணிலிருந்து இறக்கினோம். “எடைக்குப் போட்டுடவா?” என்று அத்தை கேட்டாங்க. வேண்டாம் என்றேன். ஏன்?

யார் செய்த கேம் இது?

1983-ல் ஜப்பானில் நின்டெண்டோ வெளியிட்ட ஃபேமிகாமின் மலிவு நகல்கள்தான், சாமுராய், லிட்டில் மாஸ்டர் போன்ற பெயர்களில் இந்தியாவில் விற்றன. பின்பால் வந்தது 1984-ல். அதற்கு புரோகிராம் எழுதியவர் சடோரு இவாடா. பின்னாளில் நின்டெண்டோவுக்கே தலைவரானவர், 2015-ல் மறைந்தார். இரண்டு திரை உயர மேசை, மரியோ வரும் போனஸ் அறை என மொத்த கேமும் 24 கேபிதான். வாட்ஸ்அப்பில் வரும் குட்மார்னிங் படமே இதைவிடப் பெரிசு! இவ்வளவு விளையாடிய எனக்கு, இவர் பெயர் தெரிந்தது காலேஜ் முடித்த பிறகுதான்.

திருட்டு கேசட்தானே?

ஆமாம். செய்தவருக்கு ஒரு பைசா போகவில்லை, அது தப்புதான். ஆனால், நம் வீடுகளுக்குள் வீடியோ கேம் நுழைந்தது இந்த வழியாகத்தான். அசல் பின்பாலை நின்டெண்டோ பத்திரமா வெச்சிருக்கும். நம்ம ஊர்ப் பிள்ளைகள் விளையாடிய கேசட்டையும், அதன் லேபிளையும் யார் வைத்திருப்பார்கள்?

நாடக நோட்டீஸ்களும் ஒருகாலத்தில் குப்பைதான். கோட்டையூர் ரோஜா முத்தையா அவற்றைச் சேர்த்து வைத்தார். இன்று சென்னையில் அவர் பெயரிலுள்ள நூலகத்தில் அவை ஆய்வாளர்களுக்குப் பயன்படுகின்றன. கேசட்டுகளுக்கும் அப்படி ஓர் இடம் வேண்டும் என்பது என் கருத்து.

நாம என்ன செய்யலாம்?

கேசட்டை வாயால் ஊதாதீங்க. எச்சில் ஈரம் பின்களை அரிக்கும். கொடைக்கானல் மாதிரி ஈரப்பதமான ஊரில் கேட்கவே வேண்டாம். ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்து, நன்றாகக் காய்ந்ததும் காற்றுப் புகாத டப்பாவில் வையுங்க. லேபிளை போட்டோ எடுங்க. எந்த வருஷம், எந்த ஊரில் வாங்கியது என்று அப்பா அம்மாவிடம் கேட்டு எழுதி வையுங்க.

அந்த கேமில் ஸ்கோரை சேவ் பண்ண வழியே இல்லை. கேசட்டையாவது நாம சேவ் பண்ணுவோமே!