தோட்டா தீராத துப்பாக்கி

கம்ப்யூட்டர் விளையாட்டைப் பற்றி எழுதுவது ஒரு நாவலாசிரியனுக்கு அழகா என்று சில நேயர்கள் முகம் சுளிக்கக்கூடும். சுளிக்கட்டும். கள்ளக்குறிச்சியில் என் மருமான் 'ரெஸிடெண்ட் ஈவில்' என்ற பழைய ஜப்பானிய ஆட்டத்தை ஆடுவதை நான்கு இரவுகள் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஐந்தாம் இரவு வந்த கோபத்தைத்தான் இங்கே எழுதுகிறேன்.

1996-இல் காப்காம் கம்பெனி வெளியிட்டது. இயக்கியவர் ஷின்ஜி மிகாமி. மறு வருஷம் கம்ப்யூட்டருக்கு வந்தது. அந்தப் பழைய பதிப்பையே இக்காலத்து யந்திரங்களில் ஓடும்படி செப்பனிட்டு 2024-இல் மறுபடி விற்பனைக்கு விட்டார்கள். காட்டு நடுவே மாளிகை. உள்ளே நடமாடும் பிணங்கள். கதை என்று பார்த்தால் நம் மாந்திரீகக் கதைகளைவிட உசத்தி ஒன்றுமில்லை. ஆனால் மிகாமி பலே ஆசாமி! கதாநாயகன் கிறிஸ் ஆறே பொருள்களைத்தான் தூக்க முடியும். ஜில் என்ற பெண் எட்டு. துப்பாக்கிக்கு ஓரிடம், சாவிக்கு ஓரிடம், காயத்துக்குப் பச்சிலை ஓரிடம். ஆட்டத்தை நிறுத்திவைத்து நாளைக்குத் தொடரலாம் என்றால் டைப்ரைட்டர் இருக்கும் அறையைத் தேடிப் போக வேண்டும், அதற்கு ரிப்பன் வேண்டும், ரிப்பனும் எண்ணிக்கைதான்.

பயம் பிறப்பது இந்தக் கணக்கில். கச்சிராயபாளையம் தாண்டிக் கல்வராயன் மலைமீது வெள்ளிமலைக்கு ஏறும் பாதையில் இருட்டிய பிறகு நடந்தவர்களைக் கேளுங்கள். டார்ச் விளக்கு பளிச்சென்று எரியும்வரை புதர் வெறும் புதர். பாட்டரி தீர்ந்து வெளிச்சம் மஞ்சளாகத் தொடங்கியதும் அதே புதருக்குக் கால் முளைத்துவிடும்.

ஐந்தாம் இரவு பையனுக்கு எவனோ சிநேகிதன் ஒரு கருவியைச் சொல்லிக் கொடுத்துவிட்டான். கையில் 15 தோட்டா என்றால், கம்ப்யூட்டரின் ஞாபகத்தில் 15 என்ற எண் உள்ள இடங்களையெல்லாம் அது தேடித் தருகிறது. ஏராளமாக வரும். ஒரு முறை சுடு. இப்போது 14 ஆகியிருக்கும் இடம் எது? இப்படி இரண்டு மூன்று தரம் சலித்தால் ஓரிடம் மிஞ்சும். அங்கே 255 என்று எழுதிவிட வேண்டியது. (ஒரு பைட்டில் அடங்கும் மிகப் பெரிய எண் அதுதானாம்.) பச்சிலையும் அப்படியே. சாமர்த்தியந்தான், மறுக்கவில்லை.

முந்திய இரவு ஒரு கதவைத் திறக்க ஐந்து நிமிஷம் தயங்கிய பிள்ளை, அன்று கொட்டாவி விட்டுக்கொண்டே பிணங்களைச் சுட்டுத் தள்ளினான். காய்கறிச் சந்தையில் நடப்பவன் மாதிரி மாளிகைக்குள் நடந்தான். பதினொரு மணிக்கு யந்திரத்தை அணைத்துவிட்டு, "இதுல ஒண்ணுமே இல்ல, மாமா" என்றான்.

எனக்கு ஆத்திரம் மூண்டது இந்த வார்த்தையில்தான். சுவரை இடித்துத் தள்ளியவனே, "இந்த வீட்டில் ஒரே காற்றாக அடிக்கிறது" என்று கட்டினவனைக் குறை சொல்லலாமா?

"காசு கொடுத்து வாங்கியது, தனியாக ஆடுவது, யாருக்கு என்ன நஷ்டம்?" என்கிறார்கள். பிறத்தியாருக்கு இல்லை, ஒப்புக்கொள்கிறேன். பல்லாங்குழியில் மடியிலிருந்து புளியங்கொட்டை எடுத்துப் போட்டால் எதிராளி சண்டைக்கு வருவாள். தனியே ஆடுகிறவனை யார் கேட்பது? நஷ்டப்பட்டவன் அவனேதான். எதை இழந்தோம் என்பதும் தெரியாமல், ஆட்டமே சொத்தை என்று தீர்ப்பும் எழுதிவிட்டான்.

கை நடுங்குகிறவர்கள், விரலை வேகமாக அசைக்க இயலாதவர்கள் இக்கருவியை ஊன்றுகோலாகப் பிடித்துக்கொள்ளட்டும். அவர்களோடு எனக்கு வழக்கில்லை. முழுக்க ஒரு முறை ஆடி முடித்தவன் பிறகு எப்படி வேண்டுமானாலும் கூத்தடிக்கட்டும். மிகாமியே அதற்கு வழி வைத்திருக்கிறார். மூன்று மணி நேரத்துக்குள் முடிப்பவனுக்கு அடுத்த ஆட்டத்தில் குண்டு தீராத ராக்கெட் துப்பாக்கி பரிசு! பந்தியின் கடைசியில் பாயசம் வரத்தான் போகிறது. இலை போட்டதுமே ஏன் கையை நீட்ட வேண்டும்?

தொடர்கதையின் எட்டாம் வாரத்திலேயே "கதாநாயகி பிழைப்பாளா?" என்று கடிதம் போடும் நேயர்களும் இந்த ஜாதிதான். போன மாதம் ஒருவர் பதிலுக்குத் தபால் தலையும் வைத்து அனுப்பியிருந்தார். தலையை மட்டும் திருப்பி அனுப்பிவிட்டேன்.