வீட்டுக் கடன்: தவணை தெரியும், விலை தெரியுமா?

'வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்' என்று நம் முன்னோர் சொல்லி வைத்தார்கள். இரண்டிலும் கை மீறிச் செலவாகும், முடித்துப் பார்த்தவருக்குத்தான் அதன் பாடு தெரியும் என்பது அதன் பொருள். அந்தக் காலத்தில் வீடு கட்டி முடித்த நாளோடு பாடும் பெரும்பாலும் முடிந்தது. இன்று புது வீட்டை மந்திரித்து, விருந்தும் முடிந்து, உறவினர்கள் ஊருக்குத் திரும்பிய பிறகுதான் பலருக்குப் பாடே தொடங்குகிறது. அது 20 ஆண்டுகள், சிலருக்கு 30 ஆண்டுகள் நீடிக்கிறது.

சில மாதங்களுக்கு முன் ஒரு நாள், மாலைப் பூசை முடிந்தபின் ஒரு கணவனும் மனைவியும் நம்மைச் சந்திக்கப் பங்கு இல்லத்திற்கு வந்தார்கள். கையில் வங்கியிலிருந்து வாங்கிய கணக்கு அறிக்கை இருந்தது. "பத்து வருசமா ஒரு மாசம்கூடத் தவறாம கட்டுறோம், ஃபாதர். பாதிக் கடன் முடிஞ்சிருக்கும்னு நினைச்சோம். மூணுல ஒரு பங்குகூட முடியலையாம். இன்னும் பதினாலு வருசம் கட்டணும்னு போட்டிருக்கு. இவரு ஏழு வருசத்துல ரிட்டயர் ஆகுறாரு" என்றார் அந்தத் தாய். யாரோ தங்களை ஏமாற்றிவிட்டதாக அவர்கள் நம்பினார்கள். அறிக்கையை நாமும் அவர்களோடு உட்கார்ந்து படித்துப் பார்த்தோம். கணக்கில் தவறு எதுவும் இல்லை. கடன் வாங்கிய நாளில் இந்தக் கணக்கை அவர்களுக்கு யாரும் விளக்கவில்லை, அவர்களும் கேட்கவில்லை. நடந்தது அவ்வளவுதான்.

இந்த நிலை நம் பங்குகளில் பல குடும்பங்களுக்கு உண்டு என்பதால், அந்தக் கணக்கை இங்கே சற்று விரிவாகப் பார்ப்போம். 30 இலட்சம் ரூபாய் கடன், 8.5 விழுக்காடு வட்டி, 20 ஆண்டுகள் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 26,035 ரூபாய். வங்கியில் நமக்குச் சொல்லப்படுவதும், நாம் வீட்டில் பேசிக்கொள்வதும் இந்த ஓர் எண்ணைத்தான். 'மாதம் 26 ஆயிரம், சமாளித்துவிடலாம்' என்று முடிவு செய்கிறோம். ஆனால் 240 தவணைகளையும் கூட்டினால் ஏறத்தாழ 62 இலட்சத்து 48 ஆயிரம் ரூபாய் ஆகிறது. அதாவது, வாங்கிய கடனைவிட அதற்குச் செலுத்தும் வட்டி அதிகம்.

இந்த வட்டி எல்லா ஆண்டுகளிலும் சமமாகப் பிரிக்கப்படுவதில்லை. மீதமிருக்கும் அசலுக்கு மாதாமாதம் வட்டி கணக்கிடப்படுவதால், தொடக்க ஆண்டுகளில் தவணையின் பெரும்பகுதி வட்டிக்கே போய்விடுகிறது. முதல் மாதம் நாம் கட்டும் 26,035 ரூபாயில் வட்டி 21,250 ரூபாய். அசலில் குறைவது 4,785 ரூபாய் மட்டுமே. முதல் ஆண்டு முழுவதும் 3 இலட்சத்து 12 ஆயிரம் ரூபாய் கட்டினாலும், கடன் 60 ஆயிரம் ரூபாய் அளவுக்குத்தான் குறைகிறது. பத்து ஆண்டுகளில் 31 இலட்சம் ரூபாய்க்கு மேல் கட்டி முடித்திருப்போம், வாங்கிய கடனைவிட அது அதிகம். ஆனாலும் 21 இலட்சம் ரூபாய் பாக்கி நிற்கும். பாதிக் கடன் தீர ஏறத்தாழ 14 ஆண்டுகள் ஆகும். அந்தத் தாயும் தந்தையும் அறியாதிருந்தது இதைத்தான்.

'தவணை அதிகமாக இருந்தால் 30 ஆண்டுகளாக்கிக் கொள்ளுங்கள்' என்பது கடன் விற்பவர்கள் சொல்லும் எளிய யோசனை. அப்படிச் செய்தால் மாதத் தவணை 23,067 ரூபாயாகக் குறையும் என்பது உண்மைதான். மாதம் மூவாயிரம் ரூபாய் மிச்சம் என்று மகிழ்கிறோம். ஆனால் மொத்தம் கட்டுவது 83 இலட்சம் ரூபாயாகிவிடும். மூவாயிரம் மிச்சப்படுத்த, 20 இலட்சத்திற்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறோம். மாறாக, 15 ஆண்டுகளில் முடிப்பதாக எடுத்துக்கொண்டால், தவணை 29,542 ரூபாய். மாதம் 3,500 ரூபாய் அதிகம். ஆனால் மொத்தத்தில் 9 இலட்சம் ரூபாய்க்கு மேல் மிச்சமாகும், ஐந்து ஆண்டுகள் முன்னதாகவே கடனும் தீரும். ஆண்டுகள் கூடக் கூடத்தான் வீட்டின் விலை ஏறுகிறது.

இதுவரை பார்த்தது வட்டி மாறாமல் இருந்தால் வரும் கணக்கு. ஆனால் நம்மில் பெரும்பாலோர் வாங்கியிருப்பது மாறும் வட்டிக் கடன். கடன் தரும்போது வங்கிகள் சொல்லும் வட்டி அன்றைய வட்டிதான். 2022-ஆம் ஆண்டு மே மாதம் முதல் 2023-ஆம் ஆண்டு பிப்ரவரி வரை, பத்தே மாதங்களில், ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காடாக உயர்த்தியது. அதற்குச் சற்று முன்பு, 6.75 விழுக்காட்டில் 30 இலட்சம் வாங்கிய ஒரு குடும்பத்தை நினைத்துப் பாருங்கள். அவர்களது தவணை 22,811 ரூபாய். வட்டி 9.25 விழுக்காடாக உயர்ந்தபோது, 30 இலட்சத்திற்கு மாத வட்டி மட்டுமே 23,125 ரூபாய். அதற்குள் அசலில் ஒரு சிறு தொகை குறைந்திருந்தாலும், ஏறத்தாழ முழுத் தவணையையும் வட்டியே விழுங்கிவிடும். அக்காலத்தில் பல இடங்களில் தவணையை உயர்த்தாமல், கட்ட வேண்டிய ஆண்டுகளை நீட்டினார்கள். தவணை மாறாததால் குடும்பங்களுக்கும் எதுவும் தெரியவில்லை. நம்மைச் சந்தித்த அந்தத் தம்பதியருக்கு மீதி பத்து ஆண்டுகள் பதினான்காக மாறியதும் இப்படித்தான்.

இத்தகைய புகார்கள் பெருகியதை அடுத்து, 2023-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கி ஓர் ஆணை பிறப்பித்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, ஆண்டுகளை நீட்டுவதா என்பதைக் கடன் வாங்கியவரே தேர்ந்தெடுக்க வாய்ப்பளிக்க வேண்டும். எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி கட்டப்பட்டுள்ளது, எத்தனை தவணைகள் மீதமுள்ளன என்பதை மூன்று மாதங்களுக்கு ஒருமுறை தெரிவிக்க வேண்டும். தவணை வட்டிக்கே போதாமல் கடன் வளரும் நிலை வரக்கூடாது. இவை அந்த ஆணையில் உள்ளவை. நம் வீட்டுக்கோ மின்னஞ்சலுக்கோ அந்த அறிக்கை வருகிறதா என்று நாம் பார்த்திருக்கிறோமா?

வட்டி குறையும்போதும் விழிப்புத் தேவை. 2025-ஆம் ஆண்டில் ரிசர்வ் வங்கி நான்கு முறை ரெப்போ வட்டியைக் குறைத்து, டிசம்பரில் 5.25 விழுக்காடாக்கியது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் வழங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டுள்ளதால், அவர்களுக்கு இந்தக் குறைப்பு விரைவில் கிடைக்கும். அதற்கு முன் வாங்கிய பழைய முறைக் கடன்களில் அது தாமதமாகவும் குறைவாகவும் வரலாம். வங்கியல்லாத வீட்டுக் கடன் நிறுவனங்களுக்கு இந்த விதி பொருந்தாது. எனவே, நம் கடன் எந்த முறையில் உள்ளது, புதிய முறைக்கு மாற என்ன கட்டணம் என்று நாமே கேட்டால்தான் உண்டு.

தவணைக்கு வெளியே இருக்கும் செலவுகளையும் நாம் மறந்துவிடுகிறோம். தமிழ்நாட்டில் ஒரு பழைய தனி வீட்டை வாங்கிப் பதிவு செய்ய முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு. 40 இலட்சம் ரூபாய் வீட்டிற்கு இதுவே 3 இலட்சத்து 60 ஆயிரம் ரூபாய். இதற்கு வங்கி பொதுவாகக் கடன் தருவதில்லை. வீட்டின் விலையிலும் ஒரு பகுதியை நாம்தான் போட வேண்டும். அந்தப் பணத்திற்காக மனைவியின் நகை அடகுக்குப் போகிறது, தனிநபர் கடன் வாங்கப்படுகிறது. வீட்டுக் கடனைவிட அதிக வட்டியுள்ள இரண்டாவது கடன் ஒன்று, யாரும் சொல்லாமலே வீட்டுக்குள் நுழைந்துவிடுகிறது. கடனோடு சேர்த்து விற்கப்படும் காப்பீடும் அப்படியே. குடும்பத்தைக் காக்கும் காப்பீடு நல்லதுதான். ஆனால் ஒரு இலட்சம் ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 ஆண்டுகளில் அதற்கு நாம் கட்டுவது 2 இலட்சத்து 8 ஆயிரம் ரூபாய். தனியாக வாங்கினால் என்ன விலை என்று கேட்டுப் பார்ப்பதில் தவறில்லை.

'வருமான வரியில் சலுகை கிடைக்குமே' என்பார்கள். பழைய வரி முறையில், நாம் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 இலட்சம் ரூபாய் வரை கழித்துக்கொள்ளலாம். புதிய வரி முறையில் அந்தக் கழிவு இல்லை. கிடைத்தாலும்கூட, 20 அல்லது 30 ரூபாய் வரியை மிச்சப்படுத்த 100 ரூபாய் வட்டி கட்டுகிறோம் என்பதை மறக்கக்கூடாது.

கட்ட முடியாமல் போனால்? 90 நாள்களுக்கு மேல் பாக்கி நின்றால் அது வாராக்கடனாகிறது. 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி, வங்கி 60 நாள் அவகாசம் தரும் அறிவிப்பை அனுப்பிவிட்டு, உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கு நடத்தாமலேயே வீட்டைக் கைப்பற்றி ஏலம் விட முடியும். வேலை போவது, நோய் வருவது, வெளிநாட்டிலிருந்து திடீரெனத் திரும்ப நேர்வது ஆகிய எதுவும் 20 ஆண்டுகளில் நடக்காது என்று யாரால் சொல்ல முடியும்? தொடக்கத்தில் குறைந்த வட்டியைக் காட்டிக் கொடுக்கப்பட்ட வீட்டுக் கடன்கள், பின்னர் வட்டி ஏறியபோது கட்ட முடியாமல் போனதால் அமெரிக்காவில் இலட்சக்கணக்கான குடும்பங்கள் வீடிழந்ததையும், 2008-ஆம் ஆண்டில் உலகப் பொருளாதாரமே ஆட்டம் கண்டதையும் நாம் அறிவோம். அடுத்த ஆண்டு வெளிவந்த 'காரித்தாஸ் இன் வெரித்தாத்தே' என்ற தம் சுற்றுமடலில், திருத்தந்தை 16-ஆம் பெனடிக்ட், கொடும் வட்டியிலிருந்து தங்களைக் காத்துக்கொள்ள நலிந்தோருக்கு உதவ வேண்டும் என்று வலியுறுத்தினார். அந்த உதவி பணமாக மட்டுமே இருக்க வேண்டியதில்லை. கணக்குத் தெரிந்த ஓர் ஆசிரியரோ வங்கியில் ஓய்வுபெற்ற ஒருவரோ பங்கில் இருந்தால், கையெழுத்திடுவதற்கு முன் ஒரு மணி நேரம் ஒரு குடும்பத்தோடு உட்காருவதும் பேருதவிதான்.

வீட்டுக் கடன் வாங்கவே கூடாது என்று நாம் சொல்லவில்லை. வாடகை வீட்டில் ஆண்டுதோறும் இடம் மாறும் குடும்பத்திற்குச் சொந்தக் கூரை எவ்வளவு பெரிய ஆறுதல் என்பதை நாம் கண்டிருக்கிறோம். கடன் இல்லாவிட்டால் பலருக்கு வீடே இல்லை. ஆனால், கோபுரம் கட்டத் தொடங்கி, முடிக்க வழியின்றி அடித்தளத்தோடு நின்றுபோன மனிதரைப் பற்றி லூக்கா நற்செய்தி 14-ஆம் பிரிவில் இயேசு பேசுகிறார். அந்த மனிதர் கட்ட ஆசைப்பட்டதை அவர் குறை சொல்லவில்லை. முதலில் உட்கார்ந்து கணக்குப் பார்க்காததைத்தான் சுட்டிக்காட்டுகிறார்.

கணக்குப் பார்க்க இன்று வழியும் இருக்கிறது. 2024 அக்டோபர் முதல், புதிய கடன் தரும் ஒவ்வொரு வங்கியும் நிறுவனமும் முக்கிய விவரங்கள் அடங்கிய அறிக்கையை, கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி, தவணை அட்டவணை ஆகியவை அதில் இருக்கும். அதைப் பெற்றபின் முடிவெடுக்கக் குறைந்தது மூன்று வேலை நாள்கள் அவகாசம் உண்டு. அந்த மூன்று நாள்களில் கணவனும் மனைவியும், சம்பாதிக்கும் பிள்ளைகள் இருந்தால் அவர்களும் சேர்ந்து மூன்று கேள்விகளுக்குப் பதில் எழுதிப் பாருங்கள். மொத்தம் எவ்வளவு கட்டுவோம்? கடைசித் தவணையின்போது நமக்கு என்ன வயது? வட்டி 2 விழுக்காடு ஏறினாலோ ஒருவர் வருமானம் ஆறு மாதம் நின்றாலோ எப்படிச் சமாளிப்போம்?

ஏற்கெனவே கடனில் இருப்பவர்களுக்கும் வழி உண்டு. மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைப்பதற்கு வங்கிகள் தனிநபர்களிடம் அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-ஆம் ஆண்டிலேயே ரிசர்வ் வங்கி கூறிவிட்டது. நாம் மேலே பார்த்த 30 இலட்சம் கடனில், ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டி வந்தால், மூன்று ஆண்டுகளுக்கும் மேல் முன்னதாகக் கடன் தீரும். ஏறத்தாழ 6 இலட்சம் ரூபாய் மிச்சமாகும். கடன் முழுவதும் தீர்ந்தபின் 30 நாள்களுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. இது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ளது.

நம்மைச் சந்தித்த அந்தத் தம்பதியர் மறுவாரமே வங்கிக்குச் சென்றார்கள். அவர்களது கடன் இன்னும் பழைய முறையிலேயே இருந்தது. ஒரு கட்டணம் செலுத்திப் புதிய முறைக்கு மாறினார்கள், வட்டி குறைந்தது. தீபாவளிக்கு வரும் போனஸ் பணத்தை இனி ஆண்டுதோறும் அசலில் கட்டுவதென்றும், தவணையைச் சற்று உயர்த்துவதென்றும் முடிவு செய்தார்கள். பணி ஓய்வுக்கு முன் கடன் முழுவதும் தீருமா என்பது இன்னும் உறுதியில்லை. ஆனால், "இத்தனை வருசமும் இவரு ஒருத்தரே மனசுக்குள்ள வச்சுக்கிட்டிருந்தாரு, ஃபாதர். இப்ப ரெண்டு பேருக்கும் கணக்குத் தெரியும்" என்றார் அந்தத் தாய்.

அன்பர்களே, வருகின்ற ஞாயிறு மதிய உணவுக்குப் பின், நம் வீட்டுக் கடன் அறிக்கையை எடுத்துக் குடும்பமாக ஒருமுறை படிப்போம். தவணைத் தொகை நமக்கு ஏற்கெனவே தெரியும். மீதி அசல் எவ்வளவு, மீதி ஆண்டுகள் எத்தனை என்ற இரண்டு எண்களை மட்டும் அதில் தேடுவோம்.