எடிசன் யானையைக் கொன்ற கதை – போதும் மக்களே!

மௌனப் படங்கள் பத்தி யாரு பதிவு போட்டாலும் நாலாவது பத்தியில அந்த யானை வந்துடுது. டெஸ்லாவை ஜெயிக்கிறதுக்காக எடிசன் ஒரு யானையைக் கரண்ட் வச்சுக் கொன்னு, அதைப் படமும் எடுத்தாராம். ஹீரோ ரெடி, வில்லன் ரெடி. வருஷம்தான் இடிக்குது சாமி!

டாப்சிங்கிற அந்த யானை செத்தது 1903 ஜனவரி 4. ஏ.சி.யா டி.சி.யாங்கிற சண்டை அதுக்குப் பத்து வருஷம் முன்னாடியே ஓய்ஞ்சாச்சு. 1892-லயே மின்சாரக் கம்பெனி எடிசன் கையை விட்டுப் போயாச்சு. அவர் ஒண்ணும் புத்தர் இல்லை. 1888-ல அவரோட ஆய்வுக்கூடத்துலயே கன்னுக்குட்டிகளையும் ஒரு குதிரையையும் ஏ.சி.யில கொன்னு காமிச்சாங்க. அதுக்குத் திட்டுங்க, நானும் கூட வர்றேன்.

ஆனா டாப்சியைக் கொல்ல முடிவெடுத்தது தாம்சன், டண்டின்னு ரெண்டு முதலாளிங்க. நியூயார்க் கோனி தீவுல லூனா பார்க் கட்டிக்கிட்டிருந்தவங்க. முதல்ல யானையைத் தூக்குல போட்டு, அதுக்கு டிக்கெட்டும் விக்கிறதா இருந்தாங்க (நிஜமாத்தான்!). மிருகவதைத் தடுப்புச் சங்கம் ஆட்சேபிச்சதும் சயனைடு, கழுத்துல கயிறு, 6,600 வோல்ட்னு மூணையும் சேர்த்தாங்க. எடிசன் பேர்ல இருந்த சினிமா கம்பெனி கேமராவோட வந்து அதைப் படம் பிடிச்சுது. ஒரு நிமிஷத்துச் சொச்சம். காலடியில புகை, யானை சாயுது, அவ்வளவுதான்.

அடுத்து, அந்தக் காலத்துப் படங்கள்ல மின்சார பயம் தெரியுதுன்னு ஒரு வியாக்கியானம் வேற. எங்கய்யா பயம்? டாப்சி படத்துல கரண்ட் சொன்ன வேலையைச் சுத்தமா செய்யுது. 1908-ல சேகுண்டோ தெ சோமோன் எடுத்த 'எலெக்ட்ரிக் ஹோட்டல்' பாருங்க. பெட்டி தானா மாடியேறும், பிரஷ் தானா ஷூவைத் தேய்க்கும், சீப்பு தலை வாரும். எல்லாம் ஜோரா நடக்குது. கடைசியில மெஷின் ரூம்ல ஒரு குடிகாரத் தொழிலாளி கண்ட லீவரையும் இழுத்ததும் எல்லாம் தலைகீழ். பஸ்டர் கீட்டனோட 'எலெக்ட்ரிக் ஹவுஸ்'லயும் (1922) அதே கதைதான். வீட்டைக் குட்டிச்சுவராக்குறது கரண்ட் இல்லை, வேலை கிடைக்காத கடுப்புல ஒயரை மாத்திவிடுற இன்ஜினியர்.

மின்சாரம் உத்தமன், லீவர் பக்கத்துல நிக்கிறவன்தான் குற்றவாளி. ஹோட்டல் முதலாளி மேல ஒரு தூசு விழலை. டாப்சிக்கும் பொல்லாத யானைன்னு பேரு வச்சுத்தான் தீர்த்துக் கட்டினாங்க. இப்ப நாம எடிசனைப் பிடிச்சுக்கிட்டோம். தாம்சன், டண்டி பேரை இதுவரைக்கும் எத்தனை பதிவுல பார்த்திருக்கீங்க?