முகம் கழுவுவது எப்படி என்று சொல்லி அனுப்புங்கள்

தமிழகத்தில் லேசர் கண் சிகிச்சை நடத்திவரும் மருத்துவமனைகளின் நிர்வாகத்தினருக்கும் மருத்துவர்களுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரியீர்,

கம்பம் பள்ளத்தாக்கில், காமயகவுண்டன்பட்டியில் குடியிருக்கும் ஒரு தாய் இந்த மடலை எழுதுகிறேன். எந்த மருத்துவமனையின் பெயரையும் இங்கே குறிப்பிடப் போவதில்லை. எங்கள் வீட்டுக்கு நேர்ந்தது எந்த வீட்டுக்கும் நேரக்கூடியது. அதனால்தான் ஓர் அலுவலகத்துக்குப் புகாராக அனுப்பாமல், எல்லோர் காதிலும் விழும்படி எழுதுகிறேன்.

தங்கள் திறமையில் எனக்கு ஐயமில்லை. இந்தச் சிகிச்சையின் தொடக்கத்திலேயே நம் சென்னையில் பிறந்த ஒருவர் இருக்கிறார் என்று படித்துப் பெருமைப்பட்டவள் நான். ரங்கசாமி சீனிவாசன் என்ற அந்த வேதியியலாளர், 1981-ஆம் ஆண்டு நவம்பரில், அமெரிக்காவில் ஐபிஎம் ஆய்வகத்தில், விருந்தில் மீந்த வான்கோழி இறைச்சியின் மீது எக்ஸைமர் லேசரைப் பாய்ச்சிப் பார்த்தார். சுற்றியிருக்கும் திசு கருகாமல், வேண்டிய இடத்தை மட்டும் செதுக்கி எடுக்க முடியும் என்று அவரும் அவருடைய சகாக்களும் கண்டார்கள். அந்த அறிவுதான் பின்னாளில் கண்ணுக்கு வந்தது. அப்படிப்பட்ட அறிவைக் கையில் வைத்திருப்பவர்கள் தாங்கள். என் மனக்குறை லேசர் அணைந்த பிறகு தொடங்குகிறது.

தாங்கள் தந்த வாக்குறுதியை முதலில் நினைவூட்டுகிறேன். கண்ணாடிக்கு விடை கொடுங்கள், சில நிமிட வேலைதான், வலியில்லை, தையலில்லை, ஓரிரு நாளில் வழக்கமான வாழ்க்கைக்குத் திரும்பலாம் என்று தங்கள் விளம்பரங்கள் சொல்கின்றன. அவற்றை நம்பி எங்கள் ஊர்ப்பக்கத்திலிருந்து பிள்ளைகள் வருகிறார்கள். பெரும்பாலும் கல்யாணப் பேச்சு தொடங்கும் வயதுப் பிள்ளைகள். பெண்ணுக்குக் கண்ணாடி என்றால் மாப்பிள்ளை வீட்டார் முகம் மாறுவது இன்னும் நின்றபாடில்லை. என் மகளும் அப்படித்தான் வந்தாள். திராட்சையில் வந்த பணத்தில் ஒரு பகுதியை எடுத்துக் கட்டணம் கட்டினோம். சிகிச்சை சொன்னபடியே முடிந்தது. மறுநாள் காலை எதிர்ச் சுவரில் தொங்கிய நாள்காட்டியின் சின்ன எழுத்தைப் படித்துக் காட்டினாள். அதுவரை தங்கள் வாக்கு பொய்க்கவில்லை.

ஆனால் வீட்டுக்குக் கிளம்பும்போது எங்கள் கையில் கொடுத்தது ஆங்கிலத்தில் அச்சடித்த அரைத்தாள். கண்ணில் தண்ணீர் படக்கூடாது, கண்ணைக் கசக்கக்கூடாது, கண்ணுக்கு அலங்காரம் கூடாது, சொட்டு மருந்து இத்தனை வேளை என்று நாலைந்து வரிகள். கொடுத்தவர், “எல்லாம் இதில இருக்கு” என்றார். எதைச் செய்யக்கூடாது என்பது அதில் இருந்தது. எப்படிச் செய்வது என்பது இல்லை.

கருவிழியின் கனம் நடுவில் ஏறக்குறைய அரை மில்லிமீட்டர்தான். என் மகளுக்குச் செய்த லேசிக் முறையில் அதன் மேற்பரப்பில் சுமார் 100 முதல் 120 மைக்ரான் கனத்தில் ஒரு மெல்லிய மூடியை வெட்டி, ஒரு பக்கம் ஒட்டியிருக்க விட்டுத் தூக்குகிறீர்கள். அடியில் லேசரால் வடிவம் திருத்தி, மூடியைத் திரும்பப் படுக்கவைக்கிறீர்கள். தையல் கிடையாது. ஓரிரு நாளில் விளிம்பின் மேல்தோல் மூடிக்கொள்கிறது. உள்ளே பிடிப்பு ஏற மாதக்கணக்காகிறது. பழைய முழு வலு அந்த இடத்துக்கு ஒருபோதும் திரும்புவதில்லை. வெட்டும்போது நுண்ணிய நரம்புகளும் அறுபடுவதால் சில மாதம் கண் உலர்கிறது, உணர்ச்சியும் குறைகிறது. கண் உலர்ந்தால் உறுத்தும். உறுத்தினால் கை தானாகப் போகும். இதையெல்லாம் நான் பிறகுதான் கேட்டுத் தெரிந்துகொண்டேன். முதல் நாளே யாராவது உட்காரவைத்துச் சொல்லியிருந்தால், அந்த அரைத்தாளின் ஒவ்வொரு வரிக்கும் எங்களுக்குக் காரணம் புரிந்திருக்கும்.

நடந்தது இதுதான். சித்திரை வெயில். பிள்ளையின் முகத்தில் எண்ணெயும் வியர்வையும், இமை ஓரத்தில் சொட்டு மருந்து காய்ந்த பிசுக்கும். நெற்றியிலும் கன்னத்திலும் பரு கிளம்பிவிட்டது. பெண் பார்க்க வருகிறோம் என்று தேதி சொல்லியிருந்தார்கள். கண்ணுக்குள் தண்ணீர் போகாமல் இறுக மூடிக்கொண்டால் போதும் என்று நினைத்து, குளியலறைக் குழாயடியில் குனிந்து, ஃபேஸ் வாஷ் போட்டு, இரண்டு கையாலும் தேய்த்துக் கழுவினாள். துண்டால் அழுத்தித் துடைத்தாள். அன்று மாலையே ஒரு கண்ணில் பார்வை மங்கியது. திரும்ப ஓடினோம். மூடியில் சுருக்கம் விழுந்திருக்கிறது என்று சொல்லி, மறுபடி தூக்கி, நீவி, படுக்கவைத்தார்கள். பார்வை திரும்பியது. அதற்கு நன்றியுடையவர்களாக இருக்கிறோம். ஆனால் அங்கே எங்களிடம் கேட்கப்பட்ட கேள்வி, “யார் உங்களை முகத்தைத் தேய்ச்சுக் கழுவச் சொன்னது?” என்பது. தேய்க்காமல் கழுவுவது எப்படி என்று யாரும் சொல்லவில்லையே என்பதே இந்த மடலின் பதில்.

அந்த இரண்டாம் முறைதான் ஒரு செவிலியர் எங்கள் முன் நின்று செய்து காட்டினார். கண் இப்போது ஆறிக்கொண்டிருக்கும் மற்றப் பிள்ளைகளின் வீட்டாருக்கும் உதவட்டும் என்று அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். தங்கள் மருத்துவர் வேறு மாதிரி சொல்லியிருந்தால் அதையே கேட்டுக்கொள்ளுங்கள்.

முதலில் கையைச் சோப்புப் போட்டுக் கழுவி உலர்த்த வேண்டும். குழாயடியில் குனியக்கூடாது, முகத்தில் தண்ணீரை அள்ளி அடிக்கக்கூடாது. நிமிர்ந்து உட்கார்ந்து, கொதித்து ஆறிய நீரில் சுத்தமான மெல்லிய பருத்தித் துணியை நனைத்து, சொட்டு விழாதபடி பிழிந்துகொள்ள வேண்டும். நெற்றி, கன்னம், மூக்கு, தாடை என்று ஒவ்வோர் இடமாக, கண்ணிலிருந்து விலகிப் போகும் திசையில் ஒற்றி எடுக்க வேண்டும். புருவத்துக்குக் கீழேயும் கன்ன எலும்புக்கு மேலேயும் துணி போகக்கூடாது. சோப்பு வேண்டுமென்றால் நுரை குறைந்ததாக, தாடையிலும் கன்னத்தின் கீழ்ப்பகுதியிலும் மட்டும். இமையில் பூளை காய்ந்திருந்தால், மருத்துவமனை சொன்ன சுத்தமான பஞ்சை நனைத்து, கண்ணை மூடிக்கொண்டு, அழுத்தாமல், மூக்குப் பக்கமிருந்து வெளிப்பக்கமாக ஒரே முறை துடைத்துப் பஞ்சை எறிந்துவிட வேண்டும். தலைக்கு ஊற்றுவதானால் மல்லாந்து தலையைப் பின்னால் சாய்த்து, வேறொருவர் ஊற்ற வேண்டும். இரவில் கண் கவசத்தைக் கட்டாமல் தூங்கக்கூடாது, தூக்கத்தில் கைக்குக் காவலில்லை.

இவ்வளவையும் சொல்லிக் காட்ட அந்தச் செவிலியருக்கு அதிக நேரம் ஆகவில்லை. சிகிச்சைக்கு வரும் ஒவ்வொரு பிள்ளைக்கும் இந்த நேரத்தை ஒதுக்குவது தங்களால் இயலாததா?

அடுத்தது, முகத்துக்குப் போடும் பொருள்கள். கண்ணைச் சுற்றி லோஷன், கிரீம், அலங்காரம் எதுவும் இரண்டு வாரம் வரை தவிர்க்க வேண்டியிருக்கலாம் என்று அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் பொதுமக்களுக்கான லேசிக் குறிப்பில் சொல்கிறது. நீச்சலை ஒன்றிரண்டு மாதம் தள்ளிப்போடச் சொல்கிறது. நல்ல குறிப்பு. ஆனால் எங்கள் ஊர் முகங்களில் என்னென்ன இருக்கின்றன என்று அதற்குத் தெரியாது, தங்களுக்குத் தெரியும். குளிக்கும்போது பூசும் மஞ்சள், பயற்றமாவு, கடலைமாவு, கற்றாழைச் சோறு, வெள்ளிக்கிழமை எண்ணெய்க் குளியல், பழைய டப்பாவில் கிடக்கும் கண்மை, பார்லரில் நூல் போட்டுப் புருவம் திருத்துவது, ஃபேஷியல் ஆவி, பருவுக்குத் தடவும் ரெட்டினாய்டு களிம்பு, கோயிலில் நெற்றியில் இடும்போது உதிரும் விபூதி, முகத்தில் தெளிக்கும் தீர்த்தம், சுருளி அருவியில் தலையைக் கொடுப்பது. இவை ஒவ்வொன்றையும் எப்போது நிறுத்த வேண்டும், எப்போது தொடங்கலாம் என்று தமிழில் ஒரு பக்கம் எழுதித் தர ஒரு மருத்துவருக்கு எவ்வளவு நேரம் பிடிக்கும்? கண் உறுத்தினால் நந்தியாவட்டைப் பூவை வை, தாய்ப்பால் விடு என்று சொல்ல எங்கள் வீடுகளில் பெரியவர்கள் இருக்கிறார்கள். அன்பால் சொல்கிறார்கள். அதை மறுத்துச் சொல்ல எங்களிடம் தங்கள் சொல் எழுத்தில் இருக்க வேண்டும்.

வேலையையும் கேட்டறியுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். கணினி முன் உட்காருகிறவருக்கும் திராட்சைப் பந்தலுக்கடியில் நிற்கிறவருக்கும் ஒரே தாளைக் கொடுப்பது முறையாகாது. பந்தலுக்கடியில் அண்ணாந்து பார்த்துத்தான் வேலை. மேலிருந்து தூசி விழும், இலை படும், மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்து அடித்த மருந்து சொட்டும். ஜீப்பில் ஏலத்தோட்டத்துக்குப் போகிறவர்களுக்கு மலைச்சாலைப் புழுதி. எங்கள் மண்ணில் கருவிழிப் புண் புதிதில்லை என்பது தங்களுக்கு நன்றாகத் தெரியும். 1993-ஆம் ஆண்டுக் கணக்கை வைத்துச் செய்த ஆய்வொன்று, மதுரை மாவட்டத்தில் 10,000 பேரில் 11 பேருக்கு மேல் ஓராண்டில் கருவிழிப் புண் வந்ததாகக் கண்டது. அமெரிக்காவில் மின்னசோட்டா மாநிலத்தின் ஒரு பகுதியில் கண்டதைவிட இது பத்து மடங்கு. எங்கள் தேனிப் பகுதி அப்போது மதுரை மாவட்டத்துக்குள்தான் இருந்தது, 1996-இல்தான் பிரிந்தது. மதுரையில் நடந்த இன்னோர் ஆய்வில், கிருமி கண்டறியப்பட்ட புண்களில் ஏறக்குறைய பாதியில் இருந்தது பூஞ்சை. வயலும் தோட்டமும் தரும் நோய் அது. இப்படிப்பட்ட ஊருக்குப் புதிதாய் வெட்டிய கருவிழியோடு ஒரு பிள்ளையை அனுப்பும்போது, எந்தத் தண்ணீர், எந்தத் துணி, எத்தனை நாள் கழித்துத் தோட்டம் என்று சொல்லி அனுப்ப வேண்டாமா?

சிகிச்சை முறைகளும் வேறு வேறு. மூடி தூக்காமல் மேல்தோலை நீக்கிச் செய்யும் பிஆர்கே முறையில் சில நாள் பேண்டேஜ் லென்ஸ் கண்ணிலேயே இருக்கும். வெயில் பட்டால் கருவிழியில் மங்கல் படியக்கூடும் என்பதால் மாதக்கணக்கில் கூலிங் கிளாஸ் வேண்டும். சிறு துளை வழியாகச் செய்யும் ஸ்மைல் முறைக்கு விதிகள் வேறு. எந்த முறை நடந்ததோ அதற்கு உரிய தாள் அவரவர் கைக்கு வர வேண்டும்.

இது நடக்காத காரியம் என்று யாரும் சொல்ல முடியாது. இதே பள்ளத்தாக்கில் நடந்திருக்கிறது. 1976-இல் மதுரையில் டாக்டர் கோவிந்தப்ப வெங்கடசாமி 11 படுக்கைகளோடு தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, 1985-இல் தேனிக்கும் வந்தது. கண்புரை முகாம்களுக்குப் போய்வந்த எங்கள் ஊர்க் கிழவிகளைக் கேட்டுப் பாருங்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள், தலைக்கு ஊற்றாதே, குனியாதே, கண்ணைத் தொடாதே, புகையில் உட்காராதே என்று ஆண்டுகள் கழிந்தும் வரிசை தவறாமல் சொல்வார்கள். அவர்களுக்கு அவர்கள் மொழியில் ஒருவர் பொறுமையாய்ச் சொல்லியிருக்கிறார். இலவச முகாமில் வந்தவருக்குக் கிடைத்த அந்தப் பொறுமை, பல்லாயிரம் ரூபாய் கட்டியவருக்குக் கிடைக்கவில்லை என்றால் குறை எங்கே இருக்கிறது என்று தாங்களே எண்ணிப்பாருங்கள்.

சட்டமும் எங்கள் பக்கம் பேசுகிறது. 2008-இல் சமீரா கோலி வழக்கில் உச்ச நீதிமன்றம், நோயாளியிடம் போதிய தகவல் சொன்ன பிறகு பெறுவதே செல்லத்தக்க சம்மதம் என்றது. 2018-இல் மத்திய சுகாதார அமைச்சகம் மக்கள் பார்வைக்கு வைத்த நோயாளர் உரிமைச் சாசனத்தில் 17 உரிமைகள் இருக்கின்றன. நோயாளிக்குத் தெரிந்த மொழியில், அவருக்குப் புரியும் வகையில் விளக்க வேண்டும் என்பதும் அவற்றில் அடங்கும்.

ஆகவே தங்களிடம் கேட்பது இவ்வளவுதான். கட்டணம் கட்டுவதற்கு முன்பே, சிகிச்சைக்குப் பிந்தைய பராமரிப்பைத் தமிழில் எழுதிக் கையில் கொடுங்கள். வீடு திரும்பும் முன் நோயாளியையும் கூட வந்தவரையும் உட்காரவைத்து, முகம் துடைப்பதையும் சொட்டு மருந்து விடுவதையும் செய்து காட்டி, அவர்களையும் ஒருமுறை செய்யச் சொல்லிப் பாருங்கள். என்ன வேலை, என்ன தண்ணீர், முகத்துக்கு என்ன போடுகிறீர்கள் என்று கேளுங்கள். பார்வை மங்கினாலோ வலியெடுத்தாலோ இரவிலும் எடுத்துப் பேச ஒரு தொலைபேசி எண்ணைக் கொடுங்கள். விளம்பரத்தில் சில நிமிடம் என்று எழுதும் அதே எழுத்தளவில், ஆறுவதற்கான வாரங்களையும் எழுதுங்கள்.

லேசரின் வேலை தங்கள் அறையில் முடிகிறது. ஆறுகிற வேலை எங்கள் வீட்டில் நடக்கிறது. இரண்டும் சேர்ந்ததுதான் சிகிச்சை, இரண்டுக்கும் சேர்த்துத்தான் நாங்கள் பணம் கட்டுகிறோம். முதல் பாதியில் காட்டும் கவனத்தை இரண்டாம் பாதிக்கும் காட்டும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
காமயகவுண்டன்பட்டியிலிருந்து ஒரு தாய்