நாய்க்குக் குளியல் ஆச்சு, காதைத் துடைத்தீர்களா?

நாயைக் குளிப்பாட்டுகிற ஞாயிற்றுக்கிழமை என்றால் வீட்டில் ஒரே அமர்க்களம்தான். ஷாம்பூ என்ன, வாளி என்ன, குழந்தைகளின் கும்மாளம் என்ன! உடம்பைத் துவட்டியதோடு வேலை முடிந்தது என்று விட்டுவிடுகிறோம். காதை யார் கவனிக்கிறார்கள்?

எங்கள் நங்கநல்லூரில் அடுத்த தெரு மாமி வீட்டு லாப்ரடார் பரம சாது. போன ஐப்பசியில் பேரன் ஆசையாகக் காதைப் பிடித்ததும் 'வள்'ளென்று பாய்ந்துவிட்டது. நல்லவேளை, பல் படவில்லை. "யாருக்காவது கொடுத்துடலாம்னு மாமா சொல்றார்" என்று மாமி கண் கலங்கினார். "காதை மோந்து பார்த்தேளா மாமி?" என்று கேட்டேன். பார்த்தால் புளித்த நாற்றம், உள்ளே பழுப்பு அழுக்கு! அதற்குக் கோபம் இல்லை, வலி. வைத்தியம் செய்ததும் பழைய சாதுவாகிவிட்டது.

நாயின் காதுக்குழாய் கீழே இறங்கி, பிறகு உள்பக்கம் மடங்கிப் போகிறது. போன தண்ணீர் லேசில் வெளியே வராது. லாப்ரடார், காக்கர் ஸ்பானியல் போன்றவற்றுக்குத் தொங்கு காது வேறு; காற்றே புகாது. அந்த ஈரத்திலும் வெதுவெதுப்பிலும் காளானும் கிருமியும் பெருகும். மழைக்காலத்தில் கேட்கவே வேண்டாம்.

நான் சொல்லும் முறை இதுதான். குளிப்பாட்டுமுன் இரண்டு காதிலும் பஞ்சை உருட்டி லேசாக வையுங்கள். தலைக்குத் தண்ணீர் ஊற்றாமல் ஈரத் துணியால் துடையுங்கள். குளித்ததும் பஞ்சை மறக்காமல் எடுத்துவிட்டு, காது மடலைத் தூக்கி, விரல் எட்டும் வரை மட்டும் உலர்ந்த துணியால் ஒற்றுங்கள். காது குடையும் பஞ்சுக் குச்சி கூடவே கூடாது. அழுக்கை இன்னும் உள்ளே தள்ளும். காதுக்குள் இருக்கும் முடியை டாக்டர் சொல்லாமல் பிடுங்காதீர்கள்.

வாரம் ஒருமுறை காதைப் பாருங்கள், மோந்தும் பாருங்கள். உண்ணி இருக்கிறதா என்றும் கவனியுங்கள். நாற்றம், சிவப்பு, ஓயாமல் தலையை உதறுவது, சொறிவது இருந்தால் காய்ச்சிய எண்ணெய், ஹைட்ரஜன் பெராக்ஸைடு, குழந்தைக்கு வாங்கி மீந்த சொட்டு மருந்து என்று எதையும் விடாதீர்கள். செவிப்பறை கிழிந்திருந்தால் ஆபத்து. காது கேளாமலே போகலாம். நேரே கால்நடை மருத்துவரிடம் போங்கள். வேப்பேரியில், 1903-ல் தொடங்கிய கால்நடை மருத்துவக் கல்லூரியின் ஆஸ்பத்திரியும் இருக்கிறது. திரும்பத் திரும்ப வந்தால், ஒவ்வாமை காரணமா என்று கேளுங்கள்.

இன்னொன்று: எந்த நாயானாலும் பல் பட்டுவிட்டால், சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவி, உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். நம் வீட்டு நாய்தானே என்று அலட்சியம் வேண்டாம்.

வாயில்லா ஜீவன் "காது வலிக்கிறதம்மா" என்று சொல்லுமா? நாம்தான் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும்.