அத்தை, செஸ்ஸும் விளையாட்டுதானே?

பதிவு கொஞ்சம் நீளம். கணக்கு டீச்சர் பாதியில் நிறுத்த மாட்டாள் என்பது உங்களுக்குத் தெரியும்.

போன வாரம் எங்கள் குடும்ப வாட்ஸப் குழுவில் என் தம்பி மகன் ஓர் அட்டவணை போட்டான். அவன் மகளுக்கு ஏழு வயது. கோடை விடுமுறை டைம்டேபிள், கலர் கலராக. காலை ஆறரைக்கு யோகா, எட்டுக்கு அபாகஸ், பத்துக்கு செஸ், பதினொன்றரைக்கு ஆங்கில உச்சரிப்பு. சாயங்காலம் நீச்சல், பிறகு பரதம், ராத்திரி கீபோர்டு. ஞாயிற்றுக்கிழமை ரோபோ செய்யும் வகுப்பு. குழுவில் எல்லோரும் கைதட்டிப் படம் போட்டார்கள். நான் ஒரே வரிதான் கேட்டேன்: "பிள்ளை எப்பப்பா விளையாடுவா?" உடனே பதில் வந்தது: "அத்தை, செஸ்ஸும் விளையாட்டுதானே? நீச்சலும் விளையாட்டுதானே?"

குழுவில் சண்டை வேண்டாமென்று பேசாமல் இருந்துவிட்டேன். அந்தப் பதிலை இங்கே எழுதுகிறேன். கண்ணா, கோபித்துக்கொள்ளாதே. இந்த வழக்கில் முதல் குற்றவாளி நான்தான், அதையே முதலில் சொல்லிவிடுகிறேன்.

என்னிடம் பத்தாம் வகுப்பு படித்தவர்கள் இந்தப் பக்கத்தில் நிறையப் பேர் இருக்கிறீர்கள். உங்கள் பி.டி. பீரியடை வாங்கியது யார்? காலாண்டுத் தேர்வு முடிந்த மறுநாளே விளையாட்டு ஆசிரியரிடம் போய் "சார், இந்த வாரம் மட்டும் கொடுங்க" என்பேன். அந்த "இந்த வாரம் மட்டும்" மார்ச் வரை ஓடும். முப்பது வருஷத்துக்கு மேல் ஓட்டினேன். அந்த மனிதரும் பாவம், பந்தை பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு ஆசிரியர் அறையில் உட்கார்ந்து ரிஜிஸ்டர் எழுதிக்கொண்டிருப்பார். ஜன்னலோரம் உட்கார்ந்தவர்கள் காலி மைதானத்தைப் பார்ப்பீர்கள். நான் கரும்பலகையில் முக்கோணவியல் போடுவேன். தேர்ச்சி விகிதத்துக்காக எனக்கு இரண்டு முறை பொன்னாடை போர்த்தினார்கள். அந்தப் பொன்னாடையில் உங்கள் மைதானமும் இருந்தது என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை.

பெஞ்சில் தாளம் போட்டான் என்று ஒரு பையனை ஒரு வாரம் வெளியே நிறுத்தினேன். இன்று அவன் கல்யாணக் கச்சேரிகளில் டிரம்ஸ் வாசிக்கிறான். "அப்பவே கண்டுபிடிச்சிருக்கணும் டீச்சர்" என்று அவனே என்னைக் கேலி செய்கிறான். ஆனால் ஒன்று சொல்கிறேன், அவன் டிரம்ஸ் வாசிக்கப் போகாமல் மளிகைக் கடை வைத்திருந்தாலும் நான் செய்தது தவறுதான். பெரியவனானதும் பயன்படும் என்பதற்காக அவன் தாளம் போடவில்லை. கை துறுதுறுத்தது, போட்டான். அவ்வளவுதான்.

இங்கேதான் எனக்கு இன்னொரு கூட்டத்தின் மேலும் கோபம். நம் பாரம்பரிய விளையாட்டுகளைப் பற்றிப் பதிவு போடுகிறவர்கள். பல்லாங்குழி ஆடினால் கணக்கு வரும், பம்பரம் விட்டால் மணிக்கட்டு உறுதியாகும், நொண்டி ஆடினால் இடுப்பெலும்பு பலப்படும், முன்னோர்கள் முட்டாள்கள் இல்லை! வாரத்துக்கு நான்கு முறையாவது இது எனக்கு வருகிறது. அனுப்புகிறவர்களில் பாதிப் பேர் என் மாணவர்கள். கண்ணுகளா, என் அம்மாச்சியோடு உட்கார்ந்து ஆயிரம் ஆட்டம் ஆடியிருப்பேன். ஏழேழாக இரண்டு வரிசை, பதினாலு குழி, எங்கள் வீட்டில் குழிக்கு ஐந்து புளியங்கொட்டை. குழியில் நாலு சேர்ந்தால் "பசு" என்று கத்திக்கொண்டு அள்ளுவோம். அம்மாச்சி கண்ணுக்கு நேராகவே ஏமாற்றுவார். நான் கண்டுபிடித்தால் "எனக்குக் கண்ணு தெரியல தாயீ" என்பார். கணக்கு வளரட்டும் என்று அவர் என்னை உட்கார வைக்கவில்லை. என்னைத் தோற்கடிக்கத்தான் உட்கார வைத்தார். அதில் ஒரு சந்தோஷம். அபாகஸ் விற்கிறவனும் பல்லாங்குழிக்கு மருத்துவச் சான்றிதழ் கொடுக்கிறவனும் எனக்கு ஒரே ஆள்தான். இரண்டு பேருக்குமே பிள்ளை சும்மா விளையாடினால் பொறுக்காது, கையில் ஏதாவது லாபத்தோடு எழுந்து வர வேண்டும்.

பல்லாங்குழியைப் பற்றி இன்னொரு விஷயத்தை அந்தப் பதிவுகள் சொல்வதில்லை. அது யாருடைய ஆட்டம்? வயதுக்கு வந்து மூலையில் உட்கார வைக்கப்பட்ட பெண், வெளியே போகக் கூடாத கர்ப்பிணி, கல்யாண வீட்டில் சமையல் முடிந்து அரை மணி நேரம் கிடைத்த பெண்கள், இவர்கள் ஆட்டம். நான் பதிமூன்று வயது வரை தெருவில் பாண்டி ஆடியவள். ஓட்டுச்சில்லைத் தேய்த்துத் தேய்த்து வட்டமாக்கி வைத்திருந்தேன், அது கோட்டில் விழாது. சடங்கு முடிந்த மறுவாரம் என் பெரியம்மா அதை எடுத்துக் கிணற்றில் போட்டார். திட்டக்கூட இல்லை. "இனிமே இது எதுக்கு" என்றார். என் தம்பி, இந்தப் பையனின் அப்பா, இருபத்தைந்து வயது வரை கபடி ஆடினான். கீழடியில் மண்ணுக்குள்ளிருந்து சுடுமண் சில்லுகளும் ஆட்டக்காய்களும் பகடையும் எடுத்தார்கள் என்று படித்தபோது எல்லோரும் தமிழர் நாகரிகம் என்று பூரித்தீர்கள், நானும் பூரித்தேன். கூடவே அந்தக் கிணறும் ஞாபகம் வந்தது.

சரி, விளையாட்டு என்றால் என்ன? உன் கேள்வி அதுதானே, கண்ணா.

ஹாலந்துக்காரர் ஒருவர், யோஹான் ஹுய்சிங்கா என்ற வரலாற்றாசிரியர், இதற்கென்றே 1938-இல் 'ஹோமோ லூடன்ஸ்' என்று ஒரு புத்தகம் எழுதினார். விளையாடும் மனிதன் என்று அர்த்தம். (இவர் 1897-இல் டாக்டர் பட்டத்துக்கு எடுத்துக்கொண்டது நம் நாட்டு சமஸ்கிருத நாடகங்களில் வரும் விதூஷகனை! கோமாளியில் தொடங்கியவர் இந்த இடத்துக்கு வந்து சேர்ந்தது எனக்கு ஆச்சரியமாக இல்லை.) சடங்கு, கவிதை, நீதிமன்றம், போர் முறை எல்லாவற்றிலும் விளையாட்டு இருக்கிறது, பண்பாடே விளையாட்டாகத்தான் முளைத்தது என்பது அவர் கட்சி. விளையாட்டுக்கு அவர் வைக்கும் முதல் நிபந்தனை, அது இஷ்டப்பட்டு வருவது. உத்தரவு போட்டு ஆட வைத்தால் அது விளையாட்டு ஆகாது, விளையாட்டு மாதிரி ஒன்று, அவ்வளவுதான்.

அவர் சொல்லும் இன்னொன்று நம் தெருவில் எல்லோருக்கும் தெரிந்தது. அழுகுணி ஆட்டம் ஆடுகிறவனைப் பிள்ளைகள் திட்டும், ஆனாலும் சேர்த்துக்கொள்ளும். அவன் விதியை ஏமாற்றுகிறானே தவிர, விதி இருக்கிறது என்று ஒப்புக்கொள்கிறான். "சீ, இதெல்லாம் ஒரு கோடு, இதெல்லாம் ஒரு கல்லு" என்று காலால் அழித்துவிட்டுப் போகிறவனைத்தான் யாரும் மன்னிப்பதில்லை. அவன் அந்த உலகத்தையே கலைத்துவிடுகிறான். என் அம்மாச்சி முதல் ரகம். பி.டி. பீரியடில் நான் இரண்டாவது ரகம்.

ஹாலந்து வரை போவானேன். நம் பாஷையைப் பாருங்கள். 'ஆடு' என்ற ஒரு வினையை வைத்துக்கொண்டு கூத்தாடுகிறோம், நீராடுகிறோம், ஊஞ்சலாடுகிறோம், உரையாடுகிறோம், கொண்டாடுகிறோம், போராடுகிறோம். (திண்டாடுகிறோம் என்பதையும் விட்டுவிடக் கூடாது.) கம்பர் ராமாயணத்தைத் தொடங்கும்போதே படைப்பது, காப்பது, அழிப்பது மூன்றையும் கடவுளின் முடிவில்லாத விளையாட்டு என்கிறார். மதுரைச் சிவனுக்கு அறுபத்து நான்கு திருவிளையாடல். பிள்ளைத்தமிழ் என்று ஓர் இலக்கிய வகையே வைத்து, அரசனையும் ஆண்டவனையும் குழந்தையாக்கி, சிற்றில் சிதைப்பதையும் சிறுபறை கொட்டுவதையும் சிறுதேர் உருட்டுவதையும் பருவம் பருவமாகப் பாடினார்கள். பெண் குழந்தை என்றால் அம்மானை, நீராடல், ஊசல். எங்கள் பக்கத்து ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள், நாங்கள் கட்டிய மணல் வீட்டைக் கலைக்காதே என்று கண்ணனிடம் மல்லுக்கு நிற்பதற்கே ஒரு பதிகம் ஒதுக்கியிருக்கிறாள். மணல் வீட்டுக்கு! அதனால் என்ன பயன் என்று ஆண்டாளிடம் யாரும் கேட்கவில்லை. இவ்வளவும் நம்மிடம் இருக்கிறது. நாம் ஏழு வயதுப் பிள்ளைக்கு அட்டவணை போடுகிறோம்.

என் மாணவி ஒருத்தி வியன்னா போயிருந்தபோது அங்குள்ள மியூசியத்திலிருந்து ஒரு படம் எடுத்து அனுப்பினாள். பீட்டர் புரூகல் 1560-இல் வரைந்த 'குழந்தைகளின் விளையாட்டுகள்'. ஒரு தெரு முழுக்கப் பிள்ளைகள், இருநூறுக்கும் மேல். விளையாட்டுகள் எண்பதுக்கும் மேல் என்று எண்ணியிருக்கிறார்கள். போனில் பெரிதாக்கிப் பெரிதாக்கி ஒரு மத்தியானம் முழுக்கப் பார்த்தேன். பச்சைக்குதிரை தாண்டுகிறார்கள், கண்ணைக் கட்டிக்கொண்டு பிடிக்கிறார்கள், கல்யாண ஊர்வலம் போவதுபோல நடிக்கிறார்கள். இடது பக்கம் கீழ் மூலையில் இரண்டு பெண்கள் எலும்புத் துண்டுகளை வைத்து ஆடிக்கொண்டிருக்கிறார்கள். நம் அஞ்சாங்கல்லேதான்! என் கை தானாக மேலே தூக்கிப் பிடித்தது. அந்தப் படத்தில் யார் முகத்திலும் பெரிய சிரிப்பு இல்லை. எல்லோரும் மும்முரமாக இருக்கிறார்கள். சொல்லிக்கொடுக்கிற ஆள், விசில் ஊதுகிற ஆள், மார்க் போடுகிற ஆள் ஒருவரும் இல்லை.

இப்போது சட்டத்துக்கு வருகிறேன், நீ சட்டம் பேசுகிறவன். 1989-இல் ஐ.நா. கொண்டுவந்த குழந்தை உரிமை உடன்படிக்கையின் 31-ஆவது பிரிவு ஓய்வையும் விளையாட்டையும் குழந்தையின் உரிமை என்கிறது. 1992-இல் இந்தியா அதில் சேர்ந்தது. 2013-இல் ஐ.நா. குழு அந்தப் பிரிவுக்கு விளக்கம் எழுதியது. குழந்தைகளே தொடங்கி, குழந்தைகளே நடத்தி, குழந்தைகளே வடிவம் கொடுப்பதுதான் விளையாட்டு என்று அதில் இருக்கிறது. அதன் குணங்களாகச் சொல்லும்போது எந்த விளைபொருளும் இல்லாமல் இருப்பதையும் ஒரு குணமாகச் சேர்த்திருக்கிறார்கள். கண்ணா, உன் டைம்டேபிளில் அவளே தொடங்கியது எது? நடுவில் "போதும்" என்று சொல்லி எழுந்து போகக்கூடியது எது? விதியை மாற்றக்கூடியது எது? செஸ் விளையாட்டுதான். பத்து மணிக்குப் பணம் கட்டி, லெவல் ஒன்று முடித்து லெவல் இரண்டு சர்டிபிகேட்டுக்காக உட்காரும்போது அது எட்டாவது பாடம்.

"குகேஷைப் பாருங்க அத்தை" என்று சொல்வாய். 2024-இல் பதினெட்டு வயதில் உலக சாம்பியன் ஆன பிள்ளை, எனக்கும் பெருமைதான், ராத்திரி உட்கார்ந்து பார்த்தேன். ஆனால் நான் நிகழ்தகவு நடத்தியவள். ஒரு குகேஷைக் காட்டி எத்தனை ஆயிரம் பிள்ளைகளின் சாயங்காலத்தை வாங்கிக்கொள்வது என்று ஒரு கணக்கு இருக்கிறது, அதையும் போடு.

உன் மனைவி எனக்குத் தனியாக ஒரு வாய்ஸ் மெசேஜ் போட்டாள். "பெரியம்மா, சும்மா விட்டா போனைத்தான் எடுக்கிறா. கீழே அனுப்பினா வேற பிள்ளைங்க யாருமே இல்ல. பொம்பளப் பிள்ளையைத் தனியா எப்படி அனுப்புறது?" (அவள் என்னைப் பெரியம்மா என்றுதான் கூப்பிடுவாள், அவள் அம்மா வழியில் அப்படி ஒரு முறை.) இதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. அவள் பயத்தை நான் கேலி செய்ய மாட்டேன். எங்கள் காலத்தில் நாங்கள் தைரியசாலிகளாக இருந்து தெருவில் ஆடவில்லை. திண்ணைக்குத் திண்ணை ஒரு ஆச்சி பூக்கட்டிக்கொண்டோ புளி ஆய்ந்துகொண்டோ இருப்பார். எங்களைப் பார்த்துக்கொண்டிருப்பார், கவனிக்க மாட்டார். உங்கள் அபார்ட்மென்டில் அப்படி உட்காரக்கூடிய கிழங்கள் நிச்சயம் நாலு பேர் இருப்போம். ஆனால் கீழே "பந்து விளையாடக் கூடாது" என்று போர்டு மாட்டியிருக்கிறார்கள், பார்த்தேன். கார் நிறுத்த இடம் உண்டு, கயிறு தாண்ட இடம் கிடையாது. கட்டாயக் கல்விச் சட்டத்தில் பள்ளிக்கு மைதானம் வேண்டும் என்று 2009-இல் எழுதினார்கள். குடியிருப்பவனுக்கு யார் எழுதுவது? அசோசியேஷன் கூட்டத்தில் லிஃப்டுக்காக அவ்வளவு சத்தம் போட்டாயே, அந்தப் போர்டுக்காக ஒருமுறை போடு. எல்லா வீட்டிலும் அதே அட்டவணை இருப்பதால்தான் கீழே பிள்ளைகள் இல்லை. ஐந்து வீடு ஐந்தரை மணியைக் காலியாக விட்டால் ஐந்து பிள்ளைகள் இருப்பார்கள். முதல் நாள் "போர் அடிக்குது" என்று அழும். அழட்டும். இரண்டாம் நாளும் அழும்.

மே மாதம் பத்து நாள் அவளை என்னிடம் அனுப்புவதாகச் சொன்னாய். கீபோர்டைக் கொண்டுவர வேண்டாம். அபாகஸ் ஆன்லைன் வகுப்புக்கு எங்கள் வீட்டில் நெட் சரியாக வராது, வந்தாலும் வராது. நல்ல துணி கொடுத்துவிடாதே, இங்கே செம்மண். பஸ் ஏறியதும் போன் பண்ணு, ஸ்டாண்டுக்கு நானே வந்துவிடுகிறேன்.

மாணவர்களுக்கு ஒரு விஷயம். ஓய்வு பெறும்போது என் மேஜை டிராயரைக் காலி செய்து எல்லாவற்றையும் ஒரு போர்ன்விட்டா டப்பாவில் போட்டு வந்தேன். உங்களிடமிருந்து பிடுங்கியவைதான். பதினேழு கோலி, அதில் ஒன்று பெரிய பச்சைக் கோலி. ஆணி தேய்ந்த ஒரு பம்பரம். தட்டையாக்கிய சோடா மூடிகள். சிவப்பு மையால் 4, 6 என்று எழுதிய புத்தக கிரிக்கெட் ஸ்கோர் நோட்டு ஒன்று, முதல் பக்கத்தில் பெயர் கிழிக்கப்பட்டிருக்கிறது. உங்களுடையது எது என்று அடையாளம் சொன்னால் திருப்பித் தருகிறேன். பேத்தி வருவதற்குள் சொல்லுங்கள். வந்த பிறகு உத்தரவாதம் இல்லை.