வளர்த்த மீனைக் குளத்தில் விடாதீர்கள்: ஒரு பழைய பாடத்துக்குத் திருத்தம்



போன வருடம் என் பழைய மாணவன் ஒருவன் கொளத்தூரில் வாங்கிய மூன்றடி கண்ணாடித் தொட்டியையும் எட்டு மஞ்சள் மீன்களையும் கொண்டுவந்து வைத்தான். "ரிடையர் ஆயிட்டீங்க, பொழுது போகணுமே சார்" என்றான். சிக்லிட் என்ற இனம். சொந்த ஊர் ஆப்பிரிக்காவில் உள்ள மலாவி ஏரி. சாயம் போட்டுக் காயவைத்த பட்டு நூல் வெயிலில் எப்படி மின்னும், நம் ஐயம்பேட்டைக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அப்படி ஒரு மஞ்சள்.

எங்கள் வீட்டு போர் தண்ணீரைக் காய்ச்சினால் பாத்திரத்தில் வெள்ளையாகப் படியும். மீன் தாங்குமா என்று பயந்தேன். ஆனால் மலாவி ஏரி மீனுக்குக் காரத்தன்மை உள்ள கடினத் தண்ணீர்தான் பிடிக்குமாம். நமக்கு ஆகாத தண்ணீர் அதற்கு ஆகிவிட்டது.

ஒரு நாள் ஒரு மீன் இரை எடுக்கவில்லை. தாடை உப்பியிருந்தது. நோய் என்று நினைத்தேன். பிறகுதான் தெரிந்தது, அது தாய். முட்டைகளை வாய்க்குள் வைத்து அடைகாக்கிறது. குஞ்சு வெளியே வர ஏறக்குறைய மூன்று வாரம். அதுவரை அநேகமாகப் பட்டினிதான். குஞ்சுகள் வெளிவந்த அன்று எங்கள் வீட்டில் டி.வி. போடவே இல்லை.

குஞ்சுகளைத் தனித் தொட்டியில் வளர்த்தோம். இப்போது முப்பதுக்கு மேல். இடம் போதவில்லை. என் மச்சினன் வந்து பார்த்துவிட்டு, "பேசாம கோயில் குளத்துல விட்டுடுங்க மாமா, புண்ணியம்" என்றான்.

அந்தப் புண்ணியம் என்ற வார்த்தைதான் என்னைச் சுட்டது. ஏனென்றால் நான் அதைச் செய்தவன்.

2004 வாக்கில் நம் வகுப்பில் ஒரு மீன் தொட்டி இருந்தது ஞாபகம் இருக்கிறதா? அதில் இரண்டு ஆஸ்கார் மீன்கள். அவையும் சிக்லிட்தான், தென் அமெரிக்காவைச் சேர்ந்தவை. வந்தபோது விரல் நீளம், போகும்போது தொட்டியில் திரும்ப இடமில்லை. முழு ஆண்டு விடுமுறைக்கு முன் பிள்ளைகளை வரிசையாக ஏரிக்கரைக்கு அழைத்துப் போய், வாளியைக் கவிழ்த்தேன். கைதட்டச் சொன்னேன். "இதுதான் விடுதலை" என்று பாடமும் நடத்தினேன்.

அது தப்பான பாடம். அன்று கைதட்டியவர்கள் சிலர் இதைப் படிப்பீர்கள், அதனால்தான் எழுதுகிறேன். ஆஸ்கார் சின்ன மீன்களைப் பிடித்துத் தின்னும். இரண்டுக்கு விடுதலை கொடுத்து, ஏரியின் கெண்டைக் குஞ்சுகளை மறந்துவிட்டேன்.

ஒரு மீன் புது நீரில் என்ன செய்யும் என்பதற்குத் தூரம் போக வேண்டாம். சந்தையில் வாங்கும் ஜிலேபி மீனும் ஆப்பிரிக்க சிக்லிட்தான். உணவுக்காக 1952-இல் நம் நாட்டுக்குக் கொண்டுவந்தார்கள். இன்று அது இல்லாத ஏரியைத் தேட வேண்டியிருக்கிறது. அதுவும் வாயில் அடைகாக்கும் இனம், குஞ்சுகள் நன்றாகப் பிழைக்கும். நாட்டு மீனின் இரையையும் இடத்தையும் பிடித்துக்கொள்கிறது.

சிக்லிட்டுகளே பலியான கதையும் உண்டு. ஆப்பிரிக்காவின் விக்டோரியா ஏரியில் 1950-களில் நைல் பெர்ச் என்ற பெரிய மீனை விட்டார்கள். பின்னர் அங்கே மட்டும் வாழ்ந்த சிக்லிட் வகைகளில் சுமார் 200 அழிந்திருக்கும் என்று கணக்கிடுகிறார்கள்.

பாவில் ஒரு இழை தப்பினால் புடவை முழுக்க அந்தக் கோடு ஓடும். இறக்கிய பிறகு சரிசெய்ய முடியாது. ஏரியும் அப்படித்தான்.

மீன் வளர்க்க வேண்டாம் என்று சொல்லவில்லை. தாராளமாக வளருங்கள். ஆனால் வாங்கும்போது குஞ்சைப் பார்த்து மயங்காமல், "வளர்ந்தால் எவ்வளவு பெரிசாகும்? குஞ்சு பொரிக்குமா?" என்று கேளுங்கள். அதிகமானால் வளர்க்கிறவர்களுக்குக் கொடுங்கள், கடையில் திருப்பி எடுப்பார்களா என்று கேளுங்கள். ஏரி, குளம், கால்வாய், கிணறு எதிலும் விடாதீர்கள். தொட்டித் தண்ணீரையும் அங்கே கொட்டாதீர்கள், செடிக்கு ஊற்றுங்கள். நல்ல உரம்.

என் மீன்களில் பத்தை ஒரு மாணவி வாங்கிக்கொண்டாள். மீதி இருபது இருக்கின்றன. மூன்றடித் தொட்டியும் வளர்க்கும் பொறுமையும் உள்ளவர்கள் கீழே எழுதுங்கள். இலவசம். ஒரே நிபந்தனை: குளத்தில் விடமாட்டேன் என்று வாக்குக் கொடுக்க வேண்டும்.

அன்புடன்,
உங்கள் சார்
ஐயம்பேட்டை